அன்னங்கள் நிற்கும் பக்கம்

பூங்காவைத் திறந்ததும் தோட்டக்காரர் செய்கிற முதல் வேலை உட்காருவது. சிரிக்காதீர்கள், நானும் முதலில் சிரித்தவள்தான். துடைப்பத்தைத் தொட மாட்டார், தண்ணீர்க் குழாயைத் திருக மாட்டார். பெஞ்சு பெஞ்சாகப் போய் உட்கார்ந்து, எதிரே என்ன தெரிகிறது என்று பார்ப்பார். பார்த்து முடித்தால்தான் அன்றைய வேலை என்னவென்றே அவருக்குத் தெரியும். வாங்குகிற சம்பளத்துக்கு விடிந்ததும் விடியாததுமாகக் காற்று வாங்குகிறான் பார் என்று, நடக்க வருகிற பெரிய மனிதர்கள் முனகிக்கொண்டே போவார்கள். அவர் காதில் விழும். விழாத மாதிரி அடுத்த பெஞ்சுக்கு நகர்வார்.

நான் பால் வாங்கிக்கொண்டு அந்த வழியாகத்தான் வருவேன். ஒருநாள் பொறுக்க முடியாமல் கம்பி வேலிக்கு வெளியே நின்று கேட்டேவிட்டேன்.

"இன்னாங்க, காலையிலேயே கால் வலியா?"

"இல்லம்மா. சாயங்காலம் இங்க ஒரு தாத்தா வந்து ஒக்காருவாரு. அவரு கண்ணுக்கு நேரா அந்த குப்பைத் தொட்டி இருக்குது. நின்னா தெரியல, ஒக்காந்தாத்தான் தெரியுது."

மறுநாள் குப்பைத் தொட்டி இடம் மாறியிருந்தது. அதுதான் அவர். தோட்டத்தைத் தன் கண்ணால் பார்க்கவே தெரியாத மனிதர். யார் எங்கே உட்காருகிறார்களோ அங்கிருந்துதான் பார்ப்பார்.

எங்கள் ஊருக்குக் கோயில் பார்க்க வருகிறார்கள், பட்டு எடுக்க வருகிறார்கள். இப்படி ஒரு பூங்கா இருப்பது பக்கத்து ஏனாத்தூர்க்காரர்களுக்கே பாதிப் பேருக்குத் தெரியாது. வெள்ளைக்காரத் துரை ஒருவர் போட்டது என்பார்கள். நடுவில் வட்டமாக ஒரு நீரூற்று. அதில் குடத்தைச் சாய்த்துக்கொண்டு ஒரு கல் பெண். துரை ஊர்ப் பெண் போலிருக்கிறது, மேலே துணி சரியில்லை. பட்டு நெய்கிற ஊரில் ஒருத்தி அப்படி நிற்கலாமா? யாரோ ஒரு மகராசி ஒரு வெள்ளிக்கிழமை பழம்புடவையைக் கொண்டுவந்து சுற்றிவிட்டாளாம். புடவை நனைந்து நனைந்து கிழிய, பின்னால் வந்த அதிகாரி ஒருவர் சிமெண்டிலேயே ரவிக்கை போட்டுவிட்டார். அதற்கு நாமம் மாதிரி மஞ்சள் பெயிண்டில் பார்டர் வேறு.

நீரூற்றுக்குப் பின்னால் ரேடியோ ரூம். எட்டுப் பக்கச் சின்னக் கட்டடம், உச்சியில் கூம்பு ஒலிபெருக்கி. ஒரு காலத்தில் மாலைச் செய்தி கேட்க ஊரே புல்லில் உட்கார்ந்திருக்குமாம். எனக்கு விவரம் தெரிந்தபோது அதில் மண்வெட்டியும் உர மூட்டையும்தான் இருந்தன. வாசல் படியில் சீட்டாட்டம். மற்றபடி, ஒவ்வொரு அதிகாரியும் ஒரு சிமெண்ட் மிருகத்தை வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். மான், ஒட்டகம், கழுத்து சிறுத்த ஒட்டகச்சிவிங்கி. "இன்னும் ரெண்டு பேரு மாத்தலாயி வந்தா நமக்கு எடம் இருக்காதும்மா" என்பார் அவர்.

தொட்டி கழுவும் நாளில் அவர் கால்சட்டையை மடித்துக்கொண்டு உள்ளே இறங்கி அந்தக் கல் பெண் பக்கத்தில் நின்று, அவள் பார்க்கிற திசையில் பார்த்தார். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். வேலை முடிந்து வந்து, "பாவம்மா அந்தம்மா. இத்தினி வருஷமா டிரான்ஸ்பார்மரையே பாத்துக்கினு இருந்திருக்காங்க" என்றார். நக்கலாகச் சொல்கிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை, நிஜமாகவே வருத்தப்பட்டார். அடுத்த மழைக்கு அந்த மூலையில் காகிதப்பூக் கொடி ஏறி டிரான்ஸ்பார்மரை மறைத்தது.

கோயில் வாசலில் ஊதுவத்தி விற்கிற கண் தெரியாத ஒருவர் மத்தியானத்தில் வந்து உட்காருவார். அவர் பெஞ்சில் போய் இவர் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தார். எழுந்ததும் நேரே போய் ஊஞ்சல் சங்கிலிக்கு எண்ணெய் விட்டார். "கிறீச்சு கிறீச்சுன்னு பிராணன் போவுதும்மா. மன்சன் எப்பிடித்தான் பொறுத்துக்கினு இருந்தாரோ." பெஞ்சைச் சுற்றி மரிக்கொழுந்து வைத்தார். அதற்கப்புறம் அந்த ஊதுவத்திக்காரர் போகும்போது ஒரு கொத்தை முகர்ந்துகொண்டே போவார், யார் வைத்தது என்று கேட்டதே கிடையாது.

சரி, எனக்கு அந்தப் பூங்காவில் என்ன வேலை என்று கேட்பீர்கள். பெண் பார்க்கிற வேலை. என்னைத்தான்.

எங்கள் வீட்டுக் கூடம் முழுக்கத் தறி. நாலு பேர் வந்தால் இரண்டு பேர் இழுத்துக் கட்டிய பாவு நூலுக்கு அடியில்தான் குனிந்து உட்கார வேண்டும். தெருவில் பல வீடுகள் அப்படித்தான். அதனால் எங்கள் பக்கத்தில் பெண் பார்ப்பதைக் கோயிலிலோ பூங்காவிலோ வைத்துக்கொள்வார்கள். கோயிலில் பார்த்து வேண்டாம் என்று சொன்னால் சாமிக்குச் சொன்ன மாதிரி மனசு உறுத்தும். பூங்கா என்றால் வந்தோமா, சுண்டல் தின்றோமா, போனோமா என்று இருக்கலாம். அப்பா இல்லை. அண்ணன்தான் ஆட்களைக் கூட்டிவருவான். நான் பட்டுக்கடையில் புடவை விரித்துக் காட்டுகிற வேலையில் இருந்தேன். வேலை முடிந்து அப்படியே நேராக வந்து, விரித்துக் காட்டின புடவை மாதிரி நானே உட்காருவேன்.

பெண் பார்க்கிற கூட்டம் வந்தால் அவருக்குத் தனி உற்சாகம் வந்துவிடும். வெயில் எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்த்து, "நீங்க இப்பிடி ஒக்காருங்கம்மா, அவங்க அப்பிடி ஒக்காரட்டும்" என்று ஏற்பாடு செய்வார். என் முதுகுக்குப் பின்னால் வெயில், மாப்பிள்ளை வீட்டார் மூஞ்சியில் வெயில்.

"இன்னாங்க இது, பாக்க வந்தவங்களுக்கு கண்ணு கூசாதா?" என்றேன்.

"கூசட்டுமே. கொஞ்சம் தலைய குனிஞ்சிப்பாங்க இல்ல? எப்பவும் பொண்ணேதான் குனியணுமா?"

தலை குனிந்தார்களோ இல்லையோ, யாருக்கும் நான் அமையவில்லை. நிறம் ஒரு காரணம், வயசு ஒரு காரணம், பெரிய காரணம் என் வாய். ஒரு மாப்பிள்ளையின் அம்மா என்னை முன்னும் பின்னும் பார்த்துவிட்டு, "பொண்ணுக்கு வாய் கொஞ்சம் நீளமோ?" என்று என் அண்ணனைக் கேட்டாள். "எங்க கடையில மீட்டர் ஸ்கேல் இருக்குது, அளந்து பாக்கிறீங்களா?" என்றேன் நான். அந்த வரன் அத்தோடு சரி. அண்ணன் பல்லைக் கடித்தான். செடிக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்த அவர் மட்டும் திரும்பி நின்று, குலுங்கிக் குலுங்கிச் சிரித்து, தன் காலுக்கே தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். சும்மா சொல்லக் கூடாது, அந்தச் சிரிப்புக்காகவே இன்னொரு வரனையும் விரட்டலாம் என்று எனக்குத் தோன்றியது.

எங்கள் ஊரில் முகம் தெரியாத ஆம்பிளை யாராக இருந்தாலும் அண்ணா என்றுதான் கூப்பிடுவோம். பால்காரர் அண்ணா, ஆட்டோக்காரர் அண்ணா. அவரை நான் ஒருநாளும் அப்படிக் கூப்பிட்டதில்லை. "என்னங்க, இன்னாங்க" என்றே ஓட்டினேன். ஏன் என்று எனக்குத் தெரியும்.

அதைத் தெரிந்துகொண்டு என்ன செய்வது? அவர் வீடு இருந்த பகுதிக்கும் எங்கள் தெருவுக்கும் நடுவில் ஒரே ஒரு சாலைதான். ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் சர்ச்சுக்குப் போய்விட்டு வெள்ளைச் சட்டையோடு அந்தச் சாலையில் சைக்கிளில் வருவார். நாங்கள் அந்தப் பக்கம் காய்கறி வாங்குவோம், தறிக்கு ஆள் கூப்பிடுவோம். பெண் கொடுத்ததும் கிடையாது, எடுத்ததும் கிடையாது. இதை யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. நெசவுத் தெருவில் பிறந்தவளுக்கு அது தானாகவே தெரியும்.

பெண் பார்க்காத நாளிலும் நான் போக ஆரம்பித்தேன். வடக்குச் சுவர் ஓரம், மகிழமரத்தடியில் ஒரு பெஞ்சு. யாரும் உட்கார மாட்டார்கள், எதிரே பார்க்க ஒன்றும் இல்லை. அதனால் எனக்கு வசதி. கடையில் நாள் பூராவும் நின்ற காலை நீட்டிக்கொண்டு உட்காருவேன். ஒரு சாயங்காலம், பார்த்துவிட்டுப் போன மாப்பிள்ளை வீட்டிலிருந்து வேண்டாம் என்று போன் வந்த அன்றைக்கு, அவர் மண்வெட்டியோடு வந்து கொஞ்சம் தள்ளி நின்றார்.

"அங்க ஒக்காந்தா உங்களுக்கு இன்னாம்மா தெரியுது?"

"பொட்டல் தெரியுது. சருகு கொளுத்தின கரி தெரியுது. அதுக்கப்பால கக்கூஸ் செவுரு தெரியுது. வேற இன்னா தெரியும்?" என் எரிச்சல் அவருக்கா கிடைக்க வேண்டும்?

"ஆமாம்மா. நானும் ஒக்காந்து பாத்தேன்."

"எப்போ?"

"தெனம்தான்."

சொல்லிவிட்டு அவர் போய்விட்டார். நான் இருட்டுகிற வரை எழுந்திருக்கவில்லை.

அந்த மழைக்காலத்தில் பொட்டலைச் சுற்றிப் பச்சை வலை கட்டினார். ஆடு வருகிறது, சேறாக இருக்கிறது, இந்தப் பக்கம் வராதீர்கள் என்று எல்லோரையும் போல என்னையும் விரட்டினார். கோபித்துக்கொண்டு நானும் சில மாதம் போகவில்லை. பொங்கல் கழிந்து ஒரு நாள் அண்ணன் சாப்பிட்டுக்கொண்டே சிரித்தான்.

"நம்ம பூங்காவுல போய் பாரு. அன்னபட்சி வரிசையா செத்து வுழுந்து கெடக்குது."

போய்ப் பார்த்தேன். வலையை எடுத்திருந்தார். பொட்டல் இருந்த இடத்தில் நீளமாக ஒரு பாத்தி. பட்டுப்புடவைப் பார்டர் அப்படியே மண்ணில் இறங்கியிருந்தது. மேல் ஓரம் கோபுரம் கோபுரமாகக் கூர் வரிசை, கீழ் ஓரம் இரட்டைக் கோடு, நடுவில் அன்னம் பின்னால் அன்னம். கிள்ளக் கிள்ளக் குட்டையாகவே படருமே, அந்தச் சிவப்பு இலைச் செடியும் மஞ்சள் இலைச் செடியும் வைத்து, கத்தரியால் இழை பிசகாமல் வெட்டியிருந்தார். அடேயப்பா என்று வாயைப் பிளந்தேன். ஆனால் அண்ணன் சொன்னது சரிதான். வாசலிலிருந்து பார்த்தால் அத்தனை அன்னமும் பக்கவாட்டில் படுத்துக் கிடந்தது.

எங்கள் தெருக்காரர்களுக்கு இதில் ஆச்சரியமே இல்லை. சின்ன வயசில் அவர் எங்கள் தெருத் தறியொன்றில் கூடமாட வேலை பார்த்தவர். தறியில் உட்கார்ந்து நெய்கிறவர் கண்ணுக்குப் பார்டர் அன்னம் எப்போதும் படுத்துத்தான் இருக்கும். புடவையாகி ஒருத்தி கட்டிக்கொண்டு நடக்கும்போதுதான் அது எழுந்து நிற்கும். "தறியில ஒக்காந்து பாத்த ஞாபகத்துல போட்டுட்டான்யா" என்று சீட்டாடுகிறவர்கள் சிரித்தார்கள். நெசவுக்காரன் மட்டுமே செய்யக்கூடிய தப்பு என்று ஒருவர் பெருமையாகக்கூடச் சொன்னார். நானும் சிரித்துக்கொண்டே போய் மகிழமரத்தடியில் உட்கார்ந்தேன்.

உட்கார்ந்ததும் அன்னங்கள் எழுந்து நின்றன. ஒவ்வொன்றும் கழுத்தை நிமிர்த்திக்கொண்டு, வரிசையாக, என் முன்னால் நடந்து போயின. அந்தப் பாத்தியைச் சரியாகப் பார்க்க அந்தப் பூங்காவில் ஒரே ஒரு இடம்தான் இருந்தது. அதில் நான் உட்கார்ந்திருந்தேன். எத்தனையோ பேர் என்னை வந்து பார்த்துவிட்டுப் போயிருக்கிறார்கள். நான் பார்ப்பதற்கென்று ஒருத்தர் ஒன்று செய்து வைத்தது என் ஜன்மத்தில் அதுதான் முதல் தடவை.

அவர் ஒட்டகச்சிவிங்கிக்குப் பக்கத்தில் குனிந்து எதையோ வெட்டிக்கொண்டிருந்தார். அன்றைக்கு மட்டும் வந்து, என்ன தெரிகிறது என்று கேட்கவில்லை. போகும்போது நான்தான் அவர் பக்கமாகச் சுற்றிக்கொண்டு போனேன்.

"நல்லா நிக்குதுங்க" என்றேன்.

"சரிம்மா" என்றார். காது மடல் சிவந்திருந்தது.

ஊர் சிரித்தது, அவர் திருத்தவில்லை. எனக்கும் யாரையும் திருத்த ஆசையில்லை. வாரக்கணக்கில் அப்படிப் போயிற்று. என் வாழ்க்கையில் நான் நன்றாகத் தூங்கிய நாட்கள் அவை. வரன் வந்தாலும் வராவிட்டாலும், சாயங்காலமானால் எனக்குப் போக ஒரு இடம் இருந்தது.

பிறகு, பூங்காவில் புது விளக்கு போட்டு, அதைத் திறந்துவைக்கப் பெரிய மனிதர் ஒருவர் வருகிறார் என்றார்கள். அதற்கு முந்தின நாள் இன்ஜினியர் சுற்றிப் பார்க்க வந்தார். எனக்கு வார விடுமுறை, பெஞ்சில்தான் இருந்தேன். வாசலில் நின்றபடியே இன்ஜினியர் சத்தம் போட்டார்.

"யாருய்யா இத வெச்சது? எல்லாம் படுத்துக்கினு கெடக்குது. நாளைக்கு வர்றவங்க பாத்தா சிரிக்க மாட்டாங்க? புடுங்கிட்டு புல்லு பத்தைய பதிச்சிடு."

"சரிங்க சார். தப்பாயிடுச்சி."

தப்பாயிடுச்சாம்! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு வார்த்தை சொன்னால் போதும், இப்படி வந்து பாருங்க சார் என்று. சொல்ல மாட்டார். சொன்னால் எந்த பெஞ்சு என்று சொல்ல வேண்டும், யார் உட்காருகிற பெஞ்சு என்று ஊருக்குத் தெரியும். குனிந்தார். முதல் செடியைப் பிடுங்கி, வேர் மண்ணை உதறி, ஓரமாக வைத்தார். அடுத்ததைப் பிடுங்கினார். ஒரு டீ குடிக்கிற நேரத்தில் பாத்தியையே காலி செய்கிற கை, நரைமுடி பிடுங்குகிற மாதிரி ஒவ்வொன்றாகப் பிடுங்கிக்கொண்டிருந்தது. ரேடியோ ரூம் படியில் அண்ணனின் சிநேகிதர்கள் சீட்டை மடக்கி வைத்துவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். நான் வாயைத் திறந்தால் அடுத்த நிமிஷம் தெருவுக்குப் போய்விடும். ஒரு அன்னத்துக்குக் கழுத்துப் போயிற்று. வாய் நீளம் என்று பேர் வாங்கியவள் அன்றைக்குப் பேசாமல் வேறு எப்போது பேசுவது?

"சார்!" எழுந்து நின்று கூப்பிட்டேன். "அங்கேர்ந்து பாத்தா எப்பிடி சார் தெரியும்? இப்பிடி வந்து ஒக்காருங்க."

நல்ல மனிதர், வந்தார். உட்கார்ந்தார். "அட!" என்றார். "எல்லாம் நிக்குது!" சீட்டாடுகிறவர்களும் ஓடிவந்து பெஞ்சுக்குப் பின்னால் நின்று பார்த்தார்கள். இன்ஜினியருக்கு ஒரே சந்தோஷம். திரும்பி அவரைக் கேட்டார்.

"ஏன்யா, இவ்ளோ பெரிய பூங்காவுல இந்த ஒரு பெஞ்சுக்கு மட்டும் ஏன்யா வெச்சே?"

ஒவ்வொரு பெஞ்சுக்கும் ஒரு காரணம் வைத்திருந்த மனிதர் கையில் செடியோடு நின்றார். அதன் வேர் மண்ணை உதறிக்கொண்டே, "இங்க ஒக்காந்தா பாக்கறதுக்கு ஒண்ணுமே இல்லாம இருந்துச்சு சார்" என்றார்.

இன்ஜினியருக்கு அது போதும். மற்ற எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.

பாத்தி பிழைத்தது. மறுநாளே பெஞ்சுக்குப் பக்கத்தில் 'இங்கிருந்து பார்க்கவும்' என்று ஒரு போர்டு. வந்த பெரிய மனிதர் அதில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டார். அவ்வளவுதான், ஊரே வரிசையில் நின்றது. பள்ளிக்கூடப் பிள்ளைகள், புதுசாகக் கல்யாணமானவர்கள், பட்டு எடுக்க வந்த வெளியூர்க்காரர்கள். என் பெஞ்சில் எனக்கு இடமில்லை.

வீட்டில் கேட்கவே வேண்டாம். ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

"அந்த பெஞ்சுல தெனம் ஒக்காந்துக்கினு இருந்தது நீதானே?" என்றான் அண்ணன்.

"நான்தான்."

"அவன் யாரு, எந்த எடம், தெரியுமில்ல?"

"தெரியும். எங்க எங்க யாரு ஒக்காருவாங்கன்னு பாக்கிறவரு. உனக்குத்தான் தெரியல."

அண்ணன் கை ஓங்கினான், அம்மா நடுவில் வந்து விழுந்து அழுதாள். அம்மா அழுததுதான் தாங்கவில்லை. கடைக்கும் வீட்டுக்கும் அண்ணனே வண்டியில் கொண்டுபோய் விட்டு அழைத்து வர ஆரம்பித்தான்.

இன்றைக்கு அந்தப் பூங்கா முழுக்கத் தரைக்கல் பதித்துவிட்டார்கள். பாத்தி இருந்த இடத்தில் உடற்பயிற்சிக் கம்பிகள். அண்ணனுக்கு வயசாகி ரோஷம் போய்விட்டது. எனக்கும் தலை நரைத்துவிட்டது, வரன்களும் நின்றுவிட்டன. திருமுக்கூடலுக்குப் பஸ்ஸில் போகும்போதெல்லாம் பாலாற்றங்கரையில் தெரிகிற ஒவ்வொரு பம்ப்செட் அறையையும் எட்டிப் பார்க்கிறேன், வாசலில் யாராவது உட்கார்ந்து எதிரே பார்த்துக்கொண்டிருக்கிறார்களா என்று. அவருக்காக ஏங்கினேன் என்று சொல்ல எனக்கு வெட்கமில்லை. இன்னமும்தான் ஏங்குகிறேன்.

பம்ப்செட் அறைகளை எட்டிப் பார்ப்பதற்குக் காரணம் இருக்கிறது. கடைசியாகப் பார்த்த அன்றைக்கு, ஆற்றங்கரைத் தண்ணீர் பம்புக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போகிறேன் என்றுதான் சொன்னார். கடையில் தலைவலி என்று சொல்லிவிட்டு மத்தியானமே கிளம்பி ஓடியிருந்தேன். பெஞ்சுக்கும் பாத்திக்கும் நடுவில், சைக்கிளைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார்.

"யாரு மாத்துனது? எங்க அண்ணன் வந்து பேசிச்சா?"

"யாரும் மாத்தலம்மா. நானே கேட்டு வாங்கிக்கினேன். உங்க வூட்ல நீங்க எப்பிடி இருப்பீங்கன்னு நெனச்சி பாத்தேன்."

"என்னைய கேட்டீங்களா? எல்லாரு எடத்துலயும் ஒக்காந்து பாப்பீங்க, என்னைய ஒரு வார்த்த கேக்க மாட்டீங்களா?" அழுகையும் ஆத்திரமுமாகக் கத்தினேன். "அன்னைக்கே அந்த ஆளு புடுங்க சொன்னப்ப வாயத் தொறந்து ஒண்ணு சொன்னீங்களா? நான்தானே சொன்னேன்!"

அவர் முதன்முறையாக என் முகத்தை நேராகப் பார்த்தார்.

"நான் நெனச்சிருந்தா ஒரே மூச்சுல வாரி எறிஞ்சிருப்பேம்மா. நீங்க சொல்லுவீங்களான்னுதான், ஒண்ணு ஒண்ணா, மெதுவா புடுங்கினேன்."

எனக்குச் சொல்ல ஆயிரம் இருந்தது. வாயைத் திறந்தேன்.

"அக்கா, அண்ணா, கொஞ்சம் நவுந்துக்கங்க" என்றாள் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஒரு பெண், செல்போனை நீட்டிக்கொண்டு. "நீங்க நிக்கிறது அன்னத்த மறைக்குது."

நான் இந்தப் பக்கம் நகர்ந்தேன். அவர் அந்தப் பக்கம் நகர்ந்தார்.